துருக்கி இலக்கியமும் ஆங்கில வாசகரும்: காலத்தைப் பெயர்த்தெழுதும் கலை

(அறக்கட்டளைச் சொற்பொழிவின் திருத்திய அச்சு வடிவம்)



அறக்கட்டளை ஒன்றின் பேரால் நாம் கூடியிருக்கும் இவ்வேளையில், ஸ்காட்லாந்து நாட்டு அன்னை ஒருவர் தம் மகனின் நினைவாக ஏற்படுத்திய மற்றோர் அறக்கட்டளையை முதற்கண் நினைவுகூர்வது பொருத்தமென்று கருதுகிறேன். கிளாஸ்கோ நகரில் 1857-இல் பிறந்த எலியாஸ் ஜான் வில்கின்ஸன் கிப் என்பவர், ஏறத்தாழ ஆறு நூற்றாண்டுக் கால உதுமானியக் கவிதையின் சரித்திரத்தை ஆங்கிலத்தில் எழுதும் பெருமுயற்சியை மேற்கொண்டு, அதன் முதல் தொகுதியை 1900-இல் வெளியிட்டு, மறு ஆண்டே நாற்பத்து நான்கு வயதில் காலமானார். எஞ்சிய ஐந்து தொகுதிகளை அவருடைய நண்பரும் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்து அறிஞருமான எட்வர்ட் கிரான்வில் பிரவுன் ஒழுங்கு செய்து 1909-க்குள் அச்சேற்றி முடித்தார். மகனைப் பறிகொடுத்த தாயோ, துருக்கி, பாரசீகம், அரபு ஆகிய மூன்று பாஷைகளின் கிரந்தங்கள் பதிப்பிக்கப்பெறும் பொருட்டு ஒரு நிதியை ஒதுக்கி வைத்தார். ஜலாலுத்தீன் ரூமியின் மஸ்னவி முழுவதும் அறிஞர் நிக்கல்ஸனின் பதிப்பாகவும் மொழிபெயர்ப்பாகவும் வெளிவந்தது அந்த நிதியின் வரிசையில்தான்.

கிப் செய்த மொழிபெயர்ப்புகளை இன்று படிப்போர் பெரும்பாலும் முகஞ்சுளிக்கின்றனர். மூலத்தின் சந்தத்தையும் எதுகையையும் விடாமல் பற்றிக்கொள்ளும் பிரயத்தனத்தில், அவர் காலத்திலேயே வழக்கொழிந்துபோயிருந்த ஆங்கிலச் சொற்களையும் வினைவடிவங்களையும் அள்ளிச் சொரிந்திருக்கிறார் என்பது குற்றச்சாட்டு. குற்றச்சாட்டு உண்மையானதே, ஆயினும் கிப் ஒன்றை உணர்ந்திருந்தார் என்பதை நாம் மறத்தலாகாது. ஒரு கவிதைக்கு வயது உண்டு, அந்த வயது வாசகனின் செவிக்கு எட்டவேண்டும் என்பதை அவர் உணர்ந்திருந்தார். பதினான்காம் நூற்றாண்டுக் கவிஞருக்கும் பத்தொன்பதாம் நூற்றாண்டுக் கவிஞருக்கும் ஒரே பழமையைப் பூசிவிட்டதே அவருடைய குறை.

நான் இன்று உங்கள்முன் வைக்க விரும்பும் கருத்தும் இதையொட்டியதே. துருக்கி இலக்கியத்தை ஆங்கில வாசகரிடம் கொண்டு சேர்ப்பவருக்கு நேரும் பெரிய இடர்ப்பாடு, பலரும் நினைப்பதுபோல் மதத்தாலோ ஆசாரத்தாலோ உணவு உடைகளாலோ வருவதன்று. அவற்றை ஒரு நல்ல முன்னுரை விளக்கிவிடும். சொல்லின் வயது, வாக்கியம் தன் பொருளை அவிழ்த்துத் தரும் நேரம், சொல்லுவோன் தான் கண்டதையும் கேட்டதையும் வேறுபடுத்தும் வினைமுற்று, நூல்கள் வந்து சேர்ந்த வரிசை ஆகிய நான்கிலும் காலமே கை நழுவிப்போகிறது. அந்தக் காலத்தை ஆங்கிலத்தில் மீட்டுத் தருவதே மொழிபெயர்ப்பாளரின் முதற்கடமை என்பது என் துணிபு.

1. சொல்லின் வயது

உலகில் எந்தப் பாஷையும் மாறிக்கொண்டேதான் இருக்கிறது. ஆனால் ஒரு தலைமுறைக்குள், அரசின் ஆணையாலும் கல்விக்கூடத்தின் வாயிலாகவும், எழுத்தும் சொல்லும் ஒருங்கே மாற்றப்பட்ட பாஷை துருக்கியைப்போல் வேறொன்றைக் காட்டுவது அரிது. 1928-ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாளன்று துருக்கியின் பாராளுமன்றம் அரபு எழுத்தைக் கைவிட்டு லத்தீன் எழுத்தை ஏற்கும் சட்டத்தை நிறைவேற்றிற்று. அடுத்த ஆண்டுத் தொடக்கத்திலிருந்து நூல்கள் புதிய எழுத்திலேயே வெளிவரலாயின. 1932-இல் துருக்கி மொழிக் கழகம் தோன்றி, நூற்றாண்டுகளாகக் கலந்து வாழ்ந்த அரபு, பாரசீகச் சொற்களைக் களைந்து, கிராமத்து வழக்குகளிலிருந்தும் பழஞ்சுவடிகளிலிருந்தும் தேடியெடுத்தனவும், தேடிக் கிடைக்காதபோது புதிதாய்ப் படைத்தனவுமான சொற்களை அவற்றின் இடத்தில் அமர்த்தத் தொடங்கிற்று. ஆக்ஸ்ஃபோர்டுப் பேராசிரியர் ஜெஃப்ரி லூயிஸ் இச்சரித்திரத்தை 1999-இல் எழுதியபோது, இதனை நாசகரமான வெற்றி என்று நூலின் தலைப்பிலேயே குறிப்பிட்டார்.

இதன் விளைவை ஒரே உதாரணத்தால் காட்டலாம். குடியரசை நிறுவிய முஸ்தபா கெமால் 1927 அக்டோபரில், ஆறு நாட்களில் முப்பத்தாறு மணி நேரம், விடுதலைப் போரின் வரலாற்றைத் தம் கட்சி மாநாட்டில் நிகழ்த்தினார். அந்தப் பேருரை நாற்பதாண்டு செல்வதற்குள் இளைய தலைமுறைக்கு விளங்காததாகி, துருக்கியிலிருந்து துருக்கிக்கே பெயர்த்தெழுதப்பட வேண்டியதாயிற்று. தேசபிதாவின் சொற்பொழிவே இவ்வாறாயின், கதாசிரியர்களின் நிலையைச் சொல்லவும் வேண்டுமோ?

இங்குக் கூடியுள்ளோருக்கு இது புரியாத செய்தியன்று. அக்கிராசனர் தலைவராகவும், பிரசங்கம் சொற்பொழிவாகவும் மாறிய காலத்தைக் கண்டவர்களும், கண்டவர்களிடம் பயின்றவர்களுமாகிய நமக்கு, ஒருவர் இவ்விரண்டில் எதை எடுத்தாளுகிறார் என்பதைக்கொண்டே அவருடைய வயதும் சார்பும் ஓரளவு தெரிந்துவிடுகின்றன. துருக்கியில் பள்ளிக்கூடத்தை மெக்தெப் என்பவரும் ஒகுல் என்பவரும், வாழ்வை ஹயாத் என்பவரும் யாஷாம் என்பவரும் அவ்வாறே தம்மை வெளிப்படுத்திக்கொள்கின்றனர். ஆங்கிலத்திலோ இரண்டுக்கும் ஒரு சொல்தான் கிடைக்கிறது. அச்சொல் எக்கட்சியையும் சேர்ந்ததன்று.

இந்த இடர்ப்பாட்டை முழு உருவில் காணவேண்டுமாயின் அகமது ஹம்தி தன்பினாரிடம் செல்லவேண்டும். 1901-இல் பிறந்த அவர் எழுத்து மாறியபோது இருபத்தேழு வயது இளைஞர். பின்னர் இஸ்தான்புல் பல்கலைக்கழகத்தில் பத்தொன்பதாம் நூற்றாண்டுத் துருக்கி இலக்கியத்தைப் போதித்தவர். 1949-இல் நூலாக வந்த ‘ஹுஸூர்’ என்னும் அவருடைய நாவலில், இரண்டாம் உலகப்போர் மூளப்போகும் நாட்களில், மும்தாஜ் என்னும் இளைஞன் பழைய உதுமானிய சங்கீதத்தைக் கேட்டுக்கொண்டு, காதலியோடு பாஸ்பரஸ் கரையில் உலவுகிறான். நாவலில் வரும் இராகங்களின் பெயர்களும் சங்கீத சாஸ்திரத்தின் பரிபாஷைகளும், புதிய சொற்களால் பெயர்த்தால் இறந்துபோகும் வகையைச் சேர்ந்தவை. தன்பினார் அவற்றைப் பழைய சொற்களிலேயே வைத்து, சுற்றிலும் சாதாரணப் பேச்சை ஓடவிட்டிருக்கிறார். வாசிக்கும் துருக்கியர் ஒரே பத்தியில் தம் பாட்டனாரின் வீட்டிலும் தம் வீட்டிலும் மாறி மாறி நுழைகிறார். 2008-இல் இதனை ஆங்கிலமாக்கிய எர்தா கோக்னாரின் முன் இருந்த வினா, அந்த இரண்டு வீடுகளையும் ஆங்கிலத்தில் எவ்வாறு எழுப்புவது என்பதே. லத்தீன வழிவந்த நீண்ட சொற்களை ஒருபுறமும் சாக்ஸானிய வழிவந்த குறுஞ்சொற்களை மறுபுறமும் நிறுத்தினால், இந்த வேற்றுமையின் சாயல் ஒன்று ஆங்கிலச் செவிக்குக் கிட்டும் என்பது என் அபிப்பிராயம். ஆனால் சாயலே கிட்டும். ஏனெனில் ஆங்கிலத்தில் நீண்ட சொல் கல்விப் பெருமையைக் காட்டுமேயன்றி, இழந்துபோன ஓர் உலகத்தைக் காட்டுவதில்லை.

அவருடைய மற்றொரு நாவல், 1954-இல் தொடராகவும் 1961-இல் நூலாகவும் வெளிவந்தது. ‘நேரச் சீரமைப்பு நிலையம்’ என்று நாம் அதனை அழைக்கலாம். ஊரிலுள்ள கடிகாரங்களையெல்லாம் ஒன்றுபோல் ஓடச் செய்வதற்கென்று நிறுவப்பட்டு, பிழையாக ஓடும் கடிகாரத்துக்கு உடையவரிடம் அபராதம் வாங்கும் ஓர் அலுவலகத்தின் கதை அது. இக்கதையின் பின்னால் ஒரு சரித்திர உண்மை நிற்கிறது. உதுமானியர் வழக்கில் சூரியன் மறையும்போது மணி பன்னிரண்டு. பொழுது சாயும் நேரம் நாளுக்கு நாள் வேறுபடுதலால், சட்டைப்பையிலுள்ள கடிகாரத்தை அவ்வப்போது திருப்பி வைக்கவேண்டும். மசூதிகளை ஒட்டி நேரங்கணிப்போரின் சிறு கூடங்கள் இருந்தன; கதை சொல்லும் ஹைரி இர்தால் இளமையில் தொழில் பழகியது அத்தகைய கூடமொன்றில்தான். 1926 ஜனவரி முதல் நாளன்று ஐரோப்பிய நாட்காட்டியும் இருபத்துநான்கு மணிக் கணக்கும் சட்டப்படி நடைமுறைக்கு வந்தன. எழுத்து, சொல், மணி ஆகிய மூன்றும் சில ஆண்டுகளுக்குள் மாறிப்போன சமூகத்தில், பழைய கூடத்தில் பயின்ற ஒருவன் புதிய அலுவலகத்தில் உத்தியோகம் பார்க்கிறான் என்பதே நாவலின் உயிர். இந்நூல் 2001-இல் ஒருமுறையும், பத்தாண்டுக்குமேல் கழித்து மவ்ரீன் ஃப்ரீலியாலும் அலெக்ஸாண்டர் டாவினாலும் மறுமுறையும் ஆங்கிலமாயிற்று. மணியின் மாற்றத்தை ஆங்கில வாசகர் உடனே புரிந்துகொள்கிறார். அதனைச் சொல்லும் பாஷையும் அவ்வாறே இருவேறு கணக்கில் ஓடிக்கொண்டிருக்கிறது என்பது அவருக்கு எட்டுவதே கடினம்.

துருக்கி நூல்களைப் பெயர்ப்பவர் மேசைமீது இன்றும் இரண்டு அகராதிகள் இருக்கின்றன. ஒன்று இந்நாளைய வழக்கைச் சொல்வது. மற்றொன்று, பதினைந்து வயதில் இஸ்தான்புல்லுக்குச் சென்று அங்கே பாஷையைக் கற்ற ஜேம்ஸ் ரெட்ஹவுஸ் என்னும் ஆங்கிலேயர் 1890-இல் வெளியிட்ட பேரகராதி, அரபு எழுத்தில் அமைந்தது. ஒரு நூலைப் படிக்கும்போது எந்த அகராதியை எத்தனை முறை புரட்ட நேர்ந்தது என்பதே அந்நூலின் நடையைப்பற்றிய முதல் விமர்சனமாகிவிடுகிறது.

ஹாலிதே எதிப் அம்மையாரின் செயலையும் இவ்விடத்தில் கருதவேண்டும். 1935-இல் டில்லியில் ஜாமியா மில்லியா கல்விக்கூடத்தில் சொற்பொழிவுகள் ஆற்றி, நம் தேசத்தைக் குறித்து ஒரு நூலும் எழுதிய அவர், அதே ஆண்டில் இஸ்தான்புல்லின் ஒரு தெருவைப்பற்றிய தம் நாவலை முதலில் ஆங்கிலத்திலேயே வெளியிட்டு, பின்னரே துருக்கியில் தந்தார். அவர் மனத்தை நான் அறியேன். எனினும், தம் பாஷையில் ஒவ்வொரு சொல்லும் ஒரு பக்கம் சாய்ந்து நின்ற அந்த ஆண்டுகளில், பழைய இஸ்தான்புல்லை எழுதுவதற்கு எக்கட்சியும் சாராத பாஷையொன்று அவருக்கு ஆறுதலாக இருந்திருக்கும் என்று எண்ணுகிறேன்.

2. வாக்கியத்தின் காலம்

துருக்கி வாக்கியத்தில் வினை இறுதியில் நிற்கும். அடைகள் யாவும் பெயருக்கு முன்னே வரும். “நேற்றுத் துறையில் நின்ற கிழவன் விற்ற மீனை வாங்கிச் சென்ற பெண்ணின் மகன் திரும்பி வரவில்லை” என்று தமிழில் சொன்னால், ஒவ்வொரு சொல்லும் அதே இடத்தில் நிற்கும்படி அதைத் துருக்கியில் சொல்லிவிடலாம். நேற்றில் தொடங்கித் துறைக்கு வந்து, கிழவனையும் மீனையும் பெண்ணையும் கடந்து, மகனை அடைந்து, அவன் வரவில்லை என்னும் துயரத்தை நாம் கடைசியாகவே அறிகிறோம். ஆங்கிலத்தில் இதை எழுதுவோர் மகனைத் தொடக்கத்தில் வைத்து, துறையையும் நேற்றையும் வாலில் கட்டவேண்டியவராகின்றனர். மகன் வரவில்லை என்னும் செய்தியை முன்னரே வெளியிட்டாலொழிய வாக்கியம் எளிதில் நிற்பதில்லை. பொருள் முழுவதும் வந்துவிட்டது, ஆனால் அறிந்துகொள்ளும் வரிசை தலைகீழாகிவிட்டது.

ஓர்ஹான் பாமுக்கைப்போல் ஒரு பக்கம் முழுவதையும் ஒரே வாக்கியமாக எழுதக்கூடியவரிடத்தில் இது சிறிய விஷயமன்று. 1990-இல் வந்த அவருடைய ‘கறுப்புப் புத்தகம்’ 1994-இல் கியூனெலி கியூன் அம்மையாராலும், 2006-இல் மவ்ரீன் ஃப்ரீலி அம்மையாராலும் ஆங்கிலமாக்கப்பட்டது. உயிரோடிருக்கும் ஆசிரியரின் நூல் பன்னிரண்டு ஆண்டுக்குள் இரண்டாம் முறை பெயர்க்கப்படுவது அபூர்வம். தந்தையார் இஸ்தான்புல்லின் ராபர்ட் கல்லூரியில் பௌதிகம் கற்பித்தமையால் அந்நகரிலேயே வளர்ந்த ஃப்ரீலி, தம் பதிப்பின் பின்னுரையில் துருக்கி வாக்கியத்தின் இயல்பைத்தான் விரித்துரைக்கிறார். அவருடைய வழி, மூல வாக்கியத்தின் கட்டைக் குலைத்து, அதன் ஓட்டத்தை ஆங்கில இலக்கணத்துக்குள் மறுபடி எழுப்புவது. முந்தைய பதிப்பு மூலத்தின் கட்டுக்கு அருகிலேயே நிற்க முயல்வது. நான் இரண்டையும் மூலத்தோடு வைத்து வாசித்திருக்கிறேன். கதையின் மயக்கத்துக்குள் ஃப்ரீலியின் நடை விரைவில் இழுத்துச்செல்கிறது என்பதை மறுக்க முடியாது. ஆயினும் பாமுக்கின் வாக்கியம் வேண்டுமென்றே வாசகனைத் தெருத்தெருவாக அலைய வைக்கிற இடங்களில், அந்த அலைச்சலும் ஒரு பொருள் என்று கருதும் என்போன்றோர்க்கு முந்தைய பதிப்பும் தேவைப்படுகிறது. இரண்டும் அச்சில் நிலைக்கவேண்டும் என்பதே என் விருப்பம்.

3. சாட்சியின் காலம்

இனி நான் பேசப்போவது ஒரு சிறு விகுதியைப்பற்றி. நண்பன் வந்ததைக் கண்ணால் கண்டவர் துருக்கியில் ‘கெல்தி’ என்பார். பிறர் சொல்லக் கேட்டவரோ, வாசலில் செருப்பைக் கண்டு ஊகித்தவரோ ‘கெல்மிஷ்’ என்பார். இறந்தகாலம் இரண்டாகப் பிரிந்து, சொல்லுவோன் சாட்சியா அல்லனா என்பதை ஒவ்வொரு வினைமுற்றிலும் அறிவிக்கிறது. குழந்தைக் கதைகள் யாவும் இரண்டாம் வடிவத்திலேயே சொல்லப்படும். பாமுக் தம் ‘இஸ்தான்புல்’ நூலின் முதல் அத்தியாயத்திலேயே இவ்வடிவத்தைக் குறித்துப் பேசுகிறார்: கனவையும் கதையையும் நாம் நேரில் கண்டிராத நிகழ்ச்சிகளையும் சொல்வதற்கென்றே அமைந்த அந்தக் காலம், தம் குழந்தைப் பருவத்தைச் சொல்லவும் ஏற்றது என்பது அவர் கருத்து, ஏனெனில், தொட்டிலில் கிடந்த நம்மைப்பற்றி நாம் அறிந்ததெல்லாம் பெரியோர் சொல்லக் கேட்டதே.

ஆங்கிலத்தில் இதற்கு நேரான வடிவம் இல்லை. ‘என்று சொல்லுகிறார்கள்’, ‘போலும்’ என்ற பொருளுடைய சொற்களை ஆங்காங்கே தெளிக்கலாம். ஒவ்வொரு வினைக்கும் தெளித்தால் நடை சகிக்க முடியாததாகும். ஆகவே மொழிபெயர்ப்பாளர் பெரும்பாலும் அதை விட்டுவிடுகிறார். கேட்டறிந்ததும் கண்டறிந்ததும் ஒரே உறுதியோடு ஆங்கிலத்தில் நிற்கின்றன.

நமக்கோ இது பிறந்த வீட்டுச் சொத்து. “ஒரே ஒரு ஊரிலே ஒரு ராஜா இருந்தாராம்” என்று தொடங்காத பாட்டி நம் நாட்டில் இல்லை. விடியற்காலையில் ஈரத் தரையைக் கண்டு “இரவு மழை பெய்திருக்கிறது” என்கிறோம்; பெய்யக் கண்டவர் அவ்வாறு சொல்வதில்லை. ஆண்பால் பெண்பால் வேறுபாடற்ற துருக்கிப் பிரதிப்பெயரும், ஆங்கிலத்தை ஆணா பெண்ணா என்று முடிவு செய்ய வற்புறுத்துவதுபோல் நம் ‘அவரை’ வற்புறுத்துவதில்லை. இதன் பயனைச் சற்றுப் பின்னர்க் கூறுவேன்.

4. வந்து சேர்ந்த வரிசை

நூல்கள் ஆங்கிலத்தை அடைந்த வரிசையும் ஒரு வகையில் காலப்பிழையே. 1940-இல் துருக்கி அரசு, கல்வி அமைச்சர் ஹசன் அலி யூஜெல் காலத்தில், ஒரு மொழிபெயர்ப்பு நிலையம் அமைத்து மேற்கத்திய மகா கிரந்தங்களை நூற்றுக்கணக்கில் தன் பாஷைக்குக் கொண்டுவந்தது. தன் நூல்களை வெளியே அனுப்புவதற்கு நிதியுதவி செய்யும் தேதா என்னும் திட்டமோ 2005-இல்தான் தொடங்கிற்று. மறு ஆண்டு சாலிஹா பாக்கர் அம்மையார் ஜுந்தா தீவில் மொழிபெயர்ப்பாளர் பயிற்சிக் கூட்டத்தை ஏற்படுத்தினார். இடைப்பட்ட அறுபத்தைந்து ஆண்டுகளில் எது ஆங்கிலமாகும் என்பது தனிமனிதரின் அன்பையும் பதிப்பாளரின் துணிவையும் பொறுத்திருந்தது. நாவலாசிரியர் யஷார் கெமாலின் ‘மெமெத்’ மூலம் வெளிவந்த ஆறே ஆண்டில், 1961-இல், ஆங்கிலத்துக்கு வந்தது. பின்னர் வந்த அவர் நூல்கள் பலவற்றை மனைவியார் தில்தாவே பெயர்த்தார்.

அந்த அன்பு கிட்டாதவர்கள் காத்திருந்தனர். ‘ஹுஸூர்’ ஐம்பத்தொன்பது ஆண்டு காத்திருந்தது. 1943-இல் நூலான சபாஹத்தின் அலியின் ‘உரோம மேலங்கி அணிந்த மடோனா’ 2016-இல், அதாவது எழுபத்துமூன்று ஆண்டு கழித்து, ஆங்கில வாசகரை அடைந்தது. ஆசிரியர் 1948-இலேயே கொலையுண்டு மறைந்துவிட்டார். ஓவுஸ் அதாய் எழுபதுகளின் தொடக்கத்தில் வெளியிட்ட பெருநாவலை அவருடைய தோழியான செவின் ஸெய்தி என்பவர் ஆங்கிலமாக்க, அது 2017-இல் மிகச் சில பிரதிகளாக வெளிவந்தது. இதன் விளைவு யாதெனில், 2006-இல் நோபல் பரிசு பெற்ற பாமுக்கை ஆங்கில உலகம் முன்னோர் இல்லாதவராகக் கண்டது. அவரோ ‘இஸ்தான்புல்’ நூலில் தன்பினாரைத் தம் நகரத்தின் துயரத்தைக் கற்பித்த நால்வருள் ஒருவராக வைத்துப் பேசுகிறார். மாணாக்கரை முன்னரும் ஆசிரியரைப் பின்னரும் படித்த ஆங்கில வாசகர், ஆசிரியரிடத்தில் மாணாக்கரின் சாயலைத் தேடும் நிலைக்கு ஆளானார்.

5. ஆங்கிலம் வழியே தமிழ்

தமிழர் பாமுக்கைப் படித்ததும் ஆங்கிலத்தின் வழியேதான். ஜி. குப்புசாமி அவர்கள் தமிழாக்கிய ‘என் பெயர் சிவப்பு’, ‘பனி’, ‘இஸ்தான்புல்’ ஆகியவை நம் வாசகர் பலரின் ரசனையையே விரிவுபடுத்தியிருக்கின்றன. அத்தொண்டுக்கு நாம் கடமைப்பட்டிருக்கிறோம். ஆனால் நான் இதுகாறும் விவரித்த இழப்புகளை எண்ணிப் பாருங்கள். வினையை இறுதியில் வைக்கும் வாக்கியம் ஆங்கிலத்தில் தலைகீழாகி, தமிழில் மறுபடி திருப்பப்படுகிறது. கேட்டறிந்ததைக் குறிக்கும் விகுதி ஆங்கிலத்தில் மறைந்துவிட, தமிழில் அதற்கு நேரான ‘ஆம்’ காத்துக்கொண்டிருந்தும், அதை எந்தெந்த வினையில் சேர்க்கவேண்டும் என்று அறிய வழியில்லாமல் போகிறது. சொல்லின் வயதைக் காட்டுவதற்கு நம்மிடம் மணிப்பிரவாளச் சாயலும் தனித்தமிழ் நடையும் அருகருகே இருந்தும், மூலத்தில் எது எங்கே நின்றது என்பதை ஆங்கிலம் நமக்குச் சொல்வதில்லை. ஆங்கில வாசகருக்காகச் செய்யப்பட்ட சமரசங்களை, அவை தேவைப்படாத நாமும் ஏற்றுக்கொள்கிறோம்.

ஆகவே இவ்வறக்கட்டளையின் நிர்வாகிகளுக்கு ஒரு விண்ணப்பம் செய்துகொள்கிறேன். ஆண்டு வருவாயில் ஒரு பங்கை ஒதுக்கி, தமிழ் இலக்கியத்தில் பயிற்சியும் பழைய உரைநடையில் பரிச்சயமும் உடைய ஒரு மாணவரையோ மாணவியையோ இஸ்தான்புல்லுக்கோ அங்காராவுக்கோ அனுப்பி, மொழியை அதன் இரு எழுத்துகளிலும் கற்கச் செய்தல் வேண்டும். முதலாவதாக அவர் நஸ்ருத்தீன் ஹோஜாவின் கதைகளைத் தமிழாக்கட்டும். ‘மிஷ்’ விகுதியின் பழக்கம் அதிலே வந்துவிடும். அடுத்து, புர்காஸ் தீவில் வாழ்ந்து செம்படவர்களையும் ஏழை எளியோரையும் எழுதிய சாயித் ஃபாய்க்கின் சிறுகதைகளை எடுத்துக்கொள்ளலாம். அவை குறுகியவை, பேச்சுக்கு அருகிலுள்ளவை. ‘ஹுஸூரை’ அவர் தொடுவதற்குச் சில ஆண்டுகள் செல்லும், செல்லட்டும். மாணவரைத் தேர்ந்தெடுக்கும் முறை, ஏறத்தாழ ஆகும் செலவு, முதலில் வாங்கவேண்டிய நூல்கள் ஆகியவற்றை எழுத்து வடிவில் தலைவர் அவர்களிடம் இன்று காலை சமர்ப்பித்திருக்கிறேன். நிர்வாகக் குழு அடுத்த கூட்டத்தில் அதனைப் பரிசீலிக்குமாறு வேண்டிக்கொண்டு அமைகிறேன்.